தோட்டாவின் அடிப்பக்கம்
ஹைரம் பெர்டான் குறித்த சொற்பொழிவின் அச்சு வடிவம்



1857 என்றதும் பள்ளிப் பாடம் நினைவுக்கு வரும். கொழுப்புத் தடவிய தோட்டா. அதைப் பல்லால் கடிக்க மறுத்த சிப்பாய்கள். அதிலிருந்து மூண்ட கலகம். பசுக் கொழுப்பா, பன்றிக் கொழுப்பா என்பதையெல்லாம் மனப்பாடம் செய்து மதிப்பெண் வாங்கியிருக்கிறோம். ஆனால் தோட்டாவை எதற்காகக் கடிக்க வேண்டும் என்று நம்மில் பெரும்பாலோர் கேட்டதில்லை.

கடிக்க வேண்டியிருந்தது, ஏனென்றால் அன்றைய தோட்டா ஒரு காகிதப் பொட்டலம். உள்ளே ஒரு முறைக்கு வேண்டிய கருமருந்தும் ஒரு ஈயக்குண்டும் இருக்கும். சிப்பாய் பொட்டலத்தின் நுனியைக் கடித்துக் கிழிக்க வேண்டும். மருந்தைத் துப்பாக்கிக் குழலின் வாய் வழியாகக் கொட்ட வேண்டும். குண்டைச் செருகிக் கம்பியால் அடிவரை இடிக்க வேண்டும். குண்டு இறுகலாக இருந்தாலும் வழுக்கிக்கொண்டு இறங்குவதற்காகத்தான் அந்தக் கொழுப்பு. இத்தனையும் முடிந்த பிறகு, துப்பாக்கியின் பின்புறம் இருக்கும் சின்ன முலைக்காம்பு போன்ற முனையில் ஒரு செப்புத் தொப்பியை மாட்ட வேண்டும். அந்தத் தொப்பிக்குள் வெடிக்கூட்டு இருக்கும். சுத்தியல் அதன்மேல் விழுந்தால்தான் நெருப்பு. நன்றாகப் பழகிய கை நிமிடத்துக்கு மூன்று முறை சுடும். அதுவும் நின்றுகொண்டு. படுத்த நிலையில் குழலின் வாய்க்குள் கம்பியை விட்டு இடிப்பது எவ்வளவு சிரமம் என்பதை நீங்களே எண்ணிப் பாருங்கள்.

அடுத்த பத்தே ஆண்டுகளில் இந்த வேலை முழுவதும் வழக்கொழியத் தொடங்கியது. மருந்து, குண்டு, நெருப்பு மூன்றும் ஒரே உலோகக் கூட்டுக்குள் வந்துவிட்டன. சிப்பாய் தோட்டாவைப் பின்பக்கம் வைத்து மூடிச் சுட்டால் போதும். இந்த மாற்றத்தில் பலருக்குப் பங்கு உண்டு. அவர்களில் ஒருவரான அமெரிக்கர் ஹைரம் பெர்டானின் வாழ்க்கையை இன்று உங்கள் முன் வைக்கிறேன்.

பெர்டான் 1824 செப்டம்பர் 6 அன்று நியூயார்க் மாநிலத்தின் பெல்ப்ஸ் என்ற சிற்றூரில் பிறந்தார். இயந்திரப் பொறியாளரானார். அவருடைய முதல் வெற்றிகளுக்கும் போருக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. கலிபோர்னியாவில் தங்க வேட்டை கொழுந்துவிட்டெரிந்த காலம் அது. பாறைப் பொடியோடு பாதரசத்தைச் சேர்த்துத் தங்கத்தைப் பிரிக்கும் இயந்திரம் ஒன்றை அவர் உருவாக்கினார். சாய்வாகச் சுழலும் வட்டமான இரும்புத் தொட்டி அது. ஆஸ்திரேலியா, நியூசிலாந்து சுரங்கங்களில் அந்தத் தொட்டிக்கே 'பெர்டான்' என்று பெயர் நிலைத்தது. பிறகு ரொட்டி சுடும் இயந்திர அடுப்பு ஒன்றைச் செய்தார். புரூக்ளினில் அதை வைத்து ஒரு பெரிய ரொட்டித் தொழிற்சாலையே நடந்தது. நாற்பது வயதுக்குள் கையில் நல்ல பணம் சேர்ந்துவிட்டது.

இந்த இரண்டையும் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. தங்கம் தேடுபவனுக்கு ஓர் இயந்திரம், ரொட்டி தின்பவனுக்கு ஓர் இயந்திரம். எங்கே கூட்டம் கூடுகிறதோ, அந்தக் கூட்டத்துக்கு என்ன தேவைப்படும் என்று மோப்பம் பிடிக்கும் மூக்கு பெர்டானுக்கு இருந்தது. 1861இல் அமெரிக்காவில் மிகப் பெரிய கூட்டம் கூடியது. அதன் பெயர் உள்நாட்டுப் போர்.

பெர்டானுக்கு இன்னொரு திறமையும் உண்டு. குறி தவறாமல் சுடுவதில் நாட்டிலேயே முதல் வரிசையில் இருந்தவர் அவர். போர் தொடங்கியதும் வடக்குத் தரப்புக்கு அவர் ஒரு யோசனை சொன்னார்: நாடு முழுவதும் குறிபார்த்துச் சுடுபவர்களைத் தேர்ந்தெடுத்துத் தனிப் படை அமைக்க வேண்டும். அரசு ஒப்புக்கொண்டது. எட்டு மாநிலங்களிலிருந்து 18 கம்பெனிகள் திரண்டன. அவை இரண்டு ரெஜிமென்டுகளாயின. தேர்வு கடுமையானது. துப்பாக்கியைத் தாங்கலில் வைத்து 200 கெஜத்திலிருந்து பத்து முறை சுட வேண்டும். குண்டுகள் சராசரியாக மையத்திலிருந்து 5 அங்குலத்துக்குள் விழ வேண்டும். மற்ற வீரர்கள் நீலச் சீருடையில் இருக்க, இவர்களுக்கு மட்டும் மரத்தோடு மரமாக மறைய வசதியாகப் பச்சைச் சீருடை. வெயிலில் மின்னிக் காட்டிக்கொடுக்கக் கூடாது என்பதற்காக, பித்தளைப் பொத்தான்களுக்குப் பதிலாகக் கறுப்பு ரப்பர் பொத்தான்கள்.

ஆனால் அவர்களுக்கு எந்தத் துப்பாக்கியைக் கொடுப்பது என்பதில்தான் சண்டை வந்தது. பெர்டானின் ஆட்கள் ஷார்ப்ஸ் ரைபிளைக் கேட்டார்கள். அதன் பின்பக்கத்தை நெம்புகோலால் திறந்து தோட்டாவை வைத்து மூடலாம். படுத்துக்கொண்டே நிரப்பலாம். நிமிடத்துக்கு எட்டு, பத்து முறை சுடலாம். தளவாடத் துறையின் தலைவர் ஜெனரல் ஜேம்ஸ் ரிப்ளி மறுத்தார். அவரை வெறும் பிடிவாதக்காரர் என்று தள்ளிவிட முடியாது. ஆயிரக்கணக்கான வீரர்களுக்கு ஒரே வகைத் தோட்டா அனுப்புவதே பெரும்பாடாக இருந்தபோது, புது வகைத் துப்பாக்கி என்றால் புது வகைத் தோட்டா, புதுக் கணக்கு, புதுச் செலவு. வேகமாகச் சுடும் துப்பாக்கி வேகமாகத் தோட்டாவையும் தின்னும். கணக்குப் பார்ப்பவருக்கு அந்தக் கவலை நியாயமானதுதான்.

அந்த ஆண்டு செப்டம்பரில் அதிபர் லிங்கன் முகாமைப் பார்வையிட வந்தார். தாமும் ரைபிளை வாங்கிச் சில முறை சுட்டார். படையினர் பின்னாளில் எழுதிய நினைவுகளில் ஒரு காட்சி வருகிறது. தெற்குத் தரப்பின் தலைவர் ஜெபர்சன் டேவிஸின் உருவம் இலக்காக நிறுத்தப்பட்டிருக்கிறது. போர்த் துறை அதிகாரி ஒருவர் பெர்டானைச் சீண்டிவிட, வலது கண்ணில் சுடுகிறேன் பார் என்று பெர்டான் சுடுகிறார். குண்டு கண்ணிலேயே பாய்கிறது. லிங்கன் வாய்விட்டுச் சிரித்து, ரைபிளுக்கு உத்தரவு போடுவதாகச் சொல்லிப் போகிறார். சொந்தப் படையினர் சொல்லும் கதை என்பதால் கொஞ்சம் உப்பும் காரமும் சேர்ந்திருக்கலாம். ஷார்ப்ஸ் ரைபிள்கள் வந்து சேர்ந்தது மட்டும் உண்மை. அதுவும் அடுத்த ஆண்டில்தான். இடையில் அவர்கள் கோல்ட் சுழல் ரைபிள்களோடு காலம் தள்ள வேண்டியிருந்தது.

படைத்தலைவராக பெர்டான் எப்படி? இங்கே நான் அவரைப் புகழ்வதாக இல்லை. 1863 மே மாதம் சான்சலர்ஸ்வில் போரில் அவர் படை ஜார்ஜியாவின் 23ஆம் ரெஜிமென்டில் பெரும்பகுதியைச் சிறைபிடித்தது. அதே ஆண்டு ஜூலை 2 அன்று கெட்டிஸ்பர்க்கில், ஏறக்குறைய 100 குறிவீரர்களும் மெயின் மாநிலத்தின் 3ஆம் ரெஜிமென்டும் பிட்சர் காட்டுக்குள் வேவு பார்க்கப் போய் அலபாமா படையோடு மோதினார்கள். அந்த மோதல்தான் எதிரியைத் தாமதப்படுத்தி வடக்கின் வெற்றியைக் காப்பாற்றியது என்று பெர்டான் வாழ்நாள் முழுவதும் சொல்லிக்கொண்டிருந்தார். வரலாற்றாசிரியர்கள் எல்லோரும் அதை ஏற்றுக்கொள்ளவில்லை. சண்டை சூடுபிடிக்கும் நேரத்தில் கர்னல் கண்ணில் படுவதில்லை என்று அவருடைய சொந்த அதிகாரிகளே குறைப்பட்டார்கள். அவருக்குக் கீழே இருந்த காஸ்பர் டிரெப் என்ற சுவிட்சர்லாந்துக்காரரோடு அவருக்கு ஒத்துப்போகவே இல்லை. களத்தில் படையை உண்மையில் நடத்தியவர் டிரெப்தான் என்பது பலரின் கணிப்பு. டிரெப் 1863 நவம்பரில் போரில் இறந்தார். பெர்டான் 1864 ஜனவரியில் பதவியை விட்டு விலகினார். போர் முடிய இன்னும் ஓராண்டுக்கு மேல் இருந்தது.

ஆனால் அந்த இரண்டரை ஆண்டுகளில் பெர்டான் ஒன்றைக் கண்கூடாகப் பார்த்திருந்தார். தம் வீரர்கள் கையில் இருந்தது அன்றைய மிகச் சிறந்த ரைபிள். அதற்குள் போனதோ துணியாலும் காகிதத்தாலும் சுற்றிய தோட்டா. நெருப்புக்கு வேண்டிய தொப்பியையும் தனியாகத்தான் மாட்ட வேண்டியிருந்தது. பின்பக்கம் நிரப்பும் ரைபிள் வந்துவிட்டது. அதற்குத் தகுந்த தோட்டா இன்னும் வந்து சேரவில்லை.

இங்கே கொஞ்சம் பின்னோக்கிப் போக வேண்டும். அடித்தால் வெடிக்கும் ஒரு பொருளைத் துப்பாக்கிக்குப் பயன்படுத்தலாம் என்று முதலில் காட்டியவர் ஸ்காட்லாந்தைச் சேர்ந்த பாதிரியார் அலெக்சாண்டர் பார்சித். 1807இல் அதற்குக் காப்புரிமை பெற்றார். தீபாவளிக்குக் கல்லால் தட்டும் பொட்டு வெடி எப்படி வேலை செய்கிறதோ அதே தத்துவம்தான்: இரண்டு கெட்டியான பரப்புகளுக்கு நடுவே வெடிக்கூட்டு நசுங்க வேண்டும். ஒரு பரப்பு அடிக்கும் சுத்தியல்; மற்றது அடி வாங்கும் பட்டறைக்கல். பட்டறைக்கல் இல்லாமல் எவ்வளவு பலமாக அடித்தாலும் பொட்டு வெடிக்காது.

அமெரிக்கப் போரிலேயே செப்புக் கூட்டுத் தோட்டாக்கள் வந்துவிட்டன. ஸ்பென்சர், ஹென்றி ரைபிள்கள் அவற்றைப் பயன்படுத்தின. அவற்றில் வெடிக்கூட்டு, கூட்டின் அடிவிளிம்புக்குள் சுற்றிலும் பூசப்பட்டிருக்கும். ஊசி விளிம்பை நசுக்கினால் வெடிக்கும். நல்ல ஏற்பாடுதான். ஆனால் விளிம்பு நசுங்க வேண்டுமென்றால் உலோகம் மெலிதாக, மென்மையாக இருக்க வேண்டும். மெலிதாக இருந்தால் அதிக மருந்தின் அழுத்தத்தைத் தாங்காது. தொலைதூரம் சுடும் ராணுவ ரைபிளுக்கு அது போதவில்லை. ஆகவே கூட்டின் அடி கெட்டியாக இருக்க வேண்டும். அதன் நடுவில் மட்டும் தனியாக ஒரு சின்னத் தொப்பி இருக்க வேண்டும். ஐரோப்பாவில் பலர் இதை முயன்றுகொண்டிருந்தார்கள். அந்தத் தொப்பியைத்தான் இன்று பிரைமர் என்கிறோம்.

1866 மார்ச் 20 அன்று பெர்டான் தம் பிரைமருக்குக் காப்புரிமை பெற்றார். அதைக் கொஞ்சம் அருகில் வைத்துப் பார்ப்போம். தோட்டாக் கூட்டைத் தலைகீழாகத் திருப்புங்கள். அடியின் நடுவில் ஒரு சிறு குழி. குழியின் நடுவில், கூட்டின் உலோகத்திலேயே வார்த்ததுபோல் ஒரு சின்ன மேடு எழுந்து நிற்கிறது. அதுதான் பட்டறைக்கல். அதன் அருகே மருந்தறைக்குள் நெருப்புப் போக நுண்ணிய துளை. இப்போது இரண்டு துளைகள் வைப்பதே வழக்கம். வெடிக்கூட்டு அடைத்த கிண்ணம் ஒன்றை அந்தக் குழியில் கவிழ்த்து அழுத்தினால் தோட்டா தயார். ரைபிளின் ஊசி கிண்ணத்தைக் குத்துகிறது. கூட்டு மேட்டின்மேல் நசுங்கி வெடிக்கிறது. நெருப்பு துளை வழியே உள்ளே பாய்கிறது.

காகிதத்தில் அழகாக இருந்த இந்த ஏற்பாடு செப்பில் தகராறு செய்தது. பிரைமரைக் குழிக்குள் அழுத்தும்போது மென்மையான செப்புக் கூடு அடியில் உப்பிக்கொண்டது. உப்பிய தோட்டா ரைபிளின் அறைக்குள் சரியாக உட்காராது. போர்க்களத்தில் தோட்டா உள்ளே போகவில்லை என்றால் என்ன ஆகும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. பெர்டான் செப்பை விட்டுவிட்டுப் பித்தளைக்கு மாறினார். பிரைமரைப் பொருத்தும் முறையையும் திருத்தினார். 1868 செப்டம்பர் 29 அன்று இரண்டாவது காப்புரிமை கிடைத்தது. அன்று அவர் செய்து முடித்த வடிவம்தான் சாராம்சத்தில் இன்றும் இருக்கிறது.

இதே காலத்தில் கடலுக்கு அப்பால் இன்னொரு மனிதர் இதே கணக்கைப் போட்டுக்கொண்டிருந்தார். எட்வர்ட் பாக்சர். பிரிட்டிஷ் பீரங்கிப் படை அதிகாரி. லண்டனுக்கு அருகே வூல்விச்சில் உள்ள அரசு ஆயுதசாலையில் வெடிமருந்துப் பிரிவின் தலைவர். பெர்டானைப் போல வியாபாரி அல்ல; சம்பளக்காரர். ஸ்னைடர் ரைபிளுக்கான தோட்டாவை வடிவமைத்தவர் அவர்தான். அவருடைய பிரைமரும் அதே 1866இல்தான் இங்கிலாந்தில் காப்புரிமை பெற்றது. அவர் பட்டறைக்கல்லைக் கூட்டில் வைக்கவில்லை. பிரைமர்க் கிண்ணத்துக்குள்ளேயே தனிச் சிறு துண்டாக வைத்துவிட்டார். ஆகவே கூட்டின் குழியில் மேடு கிடையாது. நடு மையத்தில் ஒரே ஒரு துளை.

வேறுபாடு இவ்வளவுதான். மேடு கூட்டில் இருக்கிறதா, கிண்ணத்தில் இருக்கிறதா? துளை நடுவிலா, ஓரத்திலா? ஆனால் இந்தச் சிறு வேறுபாட்டால் உலகத்தின் தோட்டாக்கள் இரண்டு குலமாகப் பிரிந்தன. வேடிக்கை என்னவென்றால், இரண்டு பிரைமர்களும் நாடு மாறிக் குடியேறின. அமெரிக்கர் கண்டுபிடித்த பெர்டான் பிரைமர் ஐரோப்பிய ராணுவங்களில் வேரூன்றியது. ஆங்கிலேயர் கண்டுபிடித்த பாக்சர் பிரைமர் அமெரிக்காவில் வேரூன்றியது. பாக்சரின் சொந்த நாடே தன் புகழ்பெற்ற 303 தோட்டாவுக்குப் பெரும்பாலும் பெர்டான் முறையைத்தான் எடுத்துக்கொண்டது. 303 என்றதும் உங்களில் மூத்தவர்கள் தலையசைக்கிறீர்கள். நம் ஊர்க் காவலர்கள் நெடுங்காலம் தோளில் சுமந்தார்களே, அந்த ரைபிளின் தோட்டாதான் அது.

ஏன் இப்படி ஆயிற்று? இதுதான் இன்றைய பேச்சின் மையம். சுட்ட பிறகு பித்தளைக் கூடு என்ன ஆகிறது என்று பாருங்கள். பாக்சர் கூட்டில் துளை நடுவில் இருப்பதால், கூட்டின் வாய் வழியே ஒரு கம்பியை விட்டுத் தட்டினால் பழைய பிரைமர் பொத்தென்று வெளியே விழும். புதியதை அழுத்தி, மருந்தும் குண்டும் வைத்தால் மறுபடியும் தோட்டா. அமெரிக்காவில் துப்பாக்கி வைத்திருந்தவர்களில் பெரும்பாலோர் குடிமக்கள்: வேட்டைக்காரர்கள், பண்ணைக்காரர்கள், போட்டிக்குச் சுடுபவர்கள். பித்தளை அவர்கள் சொந்தக் காசு. வீட்டு மேசையில் உட்கார்ந்து பழைய கூட்டை நிரப்பிக்கொள்வது அவர்களுக்கு லாபம். எனவே பாக்சர் முறை அங்கே வாழ்ந்தது.

பெர்டான் கூட்டில் கம்பி விட்டால் நடுவில் இருக்கும் மேட்டில்தான் முட்டும். பிரைமரை வெளியிலிருந்து கொக்கியால் நெம்ப வேண்டும். அல்லது கூட்டுக்குள் தண்ணீர் ஊற்றி, இறுக்கமான கம்பியால் அடித்து, நீரின் அழுத்தத்தால் தள்ள வேண்டும். வேலை அதிகம். ஆனால் படைவீரன் களத்தில் சுட்ட கூட்டைப் பொறுக்கிக்கொண்டு வீட்டுக்குப் போவதில்லை. பிரைமரில் தனிப் பட்டறைத் துண்டு இல்லை என்றால் தொழிற்சாலையில் ஓர் உறுப்பு குறைவு. கோடிக்கணக்கில் செய்யும்போது அந்த ஓர் உறுப்பு பெரிய பணம். எனவே அரசுகள் பெர்டானை எடுத்துக்கொண்டன.

எது உயர்ந்தது, எது தாழ்ந்தது என்று நிபுணர்கள் இன்றும் வாதாடுகிறார்கள். என் கருத்தில் அந்த வாதமே பொருளற்றது. கூட்டுக்குக் காசு கொடுப்பவர் யார், சுட்ட பிறகு அதை எடுப்பவர் யார் என்ற இரண்டு கேள்விகள்தான் தீர்ப்பை எழுதின. கருவியின் தலையெழுத்து அதைக் கையாளும் மனிதனின் நிலையில் இருக்கிறது.

பாக்சரின் கதையிலும் இதற்குச் சான்று உண்டு. அவர் தோட்டாவின் கூடு மெல்லிய பித்தளைத் தகட்டைச் சுருட்டிச் செய்தது. அடி மட்டும் இரும்பு. பரிசோதனைக் கூடத்தில் தேறிய அது, 1885இல் சூடான் பாலைவனத்தில் அபு கிளேயா சண்டையில் சூட்டிலும் மணலிலும் ரைபிளுக்குள் சிக்கிக்கொண்டு கழுத்தை அறுத்தது. பிறகு ஒரே துண்டாக இழுத்துச் செய்த பித்தளைக் கூடு வந்தது. பாக்சரின் கூடு போயிற்று, பிரைமர் பிழைத்தது.

பெர்டானுக்கு வருவோம். பிரைமரோடு நில்லாமல் ரைபிளும் வடிவமைத்தவர் அவர். சொந்த நாட்டு ராணுவத்தில் அந்த ரைபிள் பெரிதாக எடுபடவில்லை. ஆனால் ரஷ்யாவிலிருந்து கர்னல் அலெக்சாண்டர் கோர்லோவும் காப்டன் கார்ல் குனியஸும் நல்ல ரைபிள் தேடி அமெரிக்கா வந்திருந்தார்கள். பெர்டானின் ரைபிள் அவர்களுக்குப் பிடித்தது. தாங்களும் அதில் திருத்தங்கள் செய்தார்கள். ஹார்ட்பர்டில் உள்ள கோல்ட் தொழிற்சாலை 30,000 ரைபிள்களைச் செய்து அனுப்பியது. அடுத்து 1870இல் பெர்டான் தாழ்ப்பாள் போல இழுத்து மூடும் புது ரைபிளைக் கொடுத்தார். முதலில் இங்கிலாந்தின் பர்மிங்காமிலும், பிறகு ரஷ்யாவின் துலா, இஷெவ்ஸ்க், செஸ்ட்ரோரெட்ஸ்க் தொழிற்சாலைகளிலும் அது உருவானது. 1891இல் மோசின் ரைபிள் வரும்வரை ரஷ்ய ராணுவத்தின் முதன்மைத் துப்பாக்கி அதுவே. அதன் பின்னும் சைபீரிய வேட்டைக்காரர் கையிலும் கிராமத்துக் காவலாளி தோளிலும் 'பெர்டான்கா' பல பத்தாண்டுகள் தொங்கியது. அமெரிக்கக் கர்னலின் பெயர் அமெரிக்காவைவிட ரஷ்யக் கிராமங்களில்தான் அதிகம் புழங்கியது.

1884இல் அவர் மகள் எலிசபெத்தின் திருமணம் கான்ஸ்டான்டிநோபிளில் நடந்தது. மாப்பிள்ளை நாவலாசிரியர் பிரான்சிஸ் மேரியன் கிராபோர்ட். சில ஆண்டுகளுக்கு முன்பு நம் அலகாபாத்தில் ஓர் ஆங்கிலப் பத்திரிகைக்கு ஆசிரியராக இருந்தவர். இந்தியாவைக் களமாகக் கொண்டே தம் முதல் நாவலை எழுதியவர். மாமனார் அதற்குள் தூரம் அளக்கும் கருவி, வெடிகுண்டுத் திரி, டார்பிடோப் படகு என்று வேறு கருவிகளுக்குப் போயிருந்தார். அவற்றில் எதுவும் பிரைமரைப் போல நிலைக்கவில்லை.

கடைசிக் காலத்தில் அவர் மல்லுக்கட்டியது தம் சொந்த அரசோடு. அமெரிக்க ராணுவத்தின் ஸ்பிரிங்பீல்ட் ரைபிள் தம் காப்புரிமையைப் பயன்படுத்துகிறது, அதற்கு உரிமைத்தொகை வேண்டும் என்று அவருடைய நிறுவனம் வழக்குப் போட்டது. பெர்டான் 1893 மார்ச் 31 அன்று வாஷிங்டனில் இறந்தார். ஆர்லிங்டன் தேசியக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார். உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 1895இல் அவர் நிறுவனத்துக்குச் சாதகமாக வந்தது. அதைக் கேட்க அவர் இல்லை.

கொலைக்கருவி செய்தவனின் கதையை நூலகத்தில் பேசலாமா என்று இங்கே ஒரு நண்பர் என்னிடம் முன்கூட்டியே கேட்டார். பேசலாம், ஆனால் மாலை போடாமல் பேச வேண்டும். பெர்டான் வீரர் அல்ல, தியாகியும் அல்ல. வாங்க ஆள் இருந்தால் எந்த நாட்டுக்கும் விற்றவர். அவர் எளிமையாக்கிய அந்தச் சின்னக் குழியால் கொல்வது மலிவாயிற்று, விரைவாயிற்று. தம்மைத் தளபதியாக நினைவில் வைத்திருக்க வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டார். ஆனால் அவர் பெயர் நிலைத்தது பித்தளையை வளைக்கத் தெரிந்த பொறியாளர் என்பதற்காக. அந்தத் தீர்ப்பு சரியானதே என்பது என் முடிவு.

இளைஞர்களுக்கு ஒரு வார்த்தை. பெர்டானின் 1866, 1868 காப்புரிமைப் பத்திரங்கள் வரைபடங்களோடு இன்று யார் வேண்டுமானாலும் இலவசமாகப் படிக்கக் கிடைக்கின்றன. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். முதலாவதில் நம்பிக்கையோடு சொன்ன ஒன்றை, சுமார் இரண்டரை ஆண்டில் அவர் எப்படித் திருத்த வேண்டி வந்தது என்பது வரிக்கு வரி தெரியும். பொறியியல் படிக்கும் பிள்ளைகளுக்கு அதைவிட நல்ல பாடம் கல்லூரியில் கிடைப்பது அரிது.